முகங்கண்டு கொல்லுதலும் முகங்காணாது கொல்லுதலும்

ஒருவன் தன் கையினாலே பிறனொருவனைக் குத்திக் கொல்லுகின்றான். மற்றொருவன் பத்துக் காதத்துக்கு அப்பாலிருந்து ஒரு பொறியை அழுத்தி நூறுபேரைக் கொல்லுகின்றான். உலகத்தார் முன்னவனைக் கண்டு நடுங்குவர். பின்னவனைக் கண்டு நடுங்கார். முன்னவனைக் கொடியன் என்பர்; பின்னவனைத் தன் தொழிலில் வல்லவன் என்பர். இவ்வேறுபாடு நியாயத்தினாற் பிறந்ததோ, அன்றிக் கண்ணினாற் பிறந்ததோ என்பதே ஈண்டு ஆராயப்படுவது. வெறுஞ்சொற்களைக் கொண்டு இதனை ஆராயப்புகின் முடிவு காண்டல் அரிது. ஆதலின் ஓர் ஆயுதத்தின் வரலாற்றைத் துணையாகக்கொண்டு ஆராய்வாம்.

அவ்வாயுதம் துப்பாக்கியின் முனையிலே பொருத்தப்படுங் கத்தி. ஆங்கிலர் இதனைப் பயனெற் என்பர். பிரான்சு தேசத்தின் தென்மேற்கிலுள்ள பயோன் என்னும் நகரத்தின் பெயரினின்றும் இப்பெயர் வந்ததென்பது பலர் கொள்கை. யாம் இதனை முனைக்கத்தி என்றே வழங்குவாம். இதனைத் தெரிந்தெடுத்தமைக்குக் காரணம் யாதெனின், வெடிமருந்து கொண்டு செய்யும் போரினுள்ளே, கொல்வோனுங் கொல்லப்படுவோனும் ஒருவர் மூச்சு ஒருவர்மேற் படும்படி நெருங்கிநிற்றல் பெரும்பாலும் இவ்வாயுதத்தாலேயே நிகழ்வதாதலின் என்க. துப்பாக்கி சுட்டவன் தன் குண்டு யாவனைத் தீண்டிற்றென்று அறியாதிருத்தல் கூடும். முனைக்கத்தி பிடித்தவனுக்கு அவ்வறியாமை இல்லை.

பதினேழாம் நூற்றாண்டிலே ஐரோப்பியக் காலாட்படையில் இருவகையார் இருந்தனர். ஒருவகையார் துப்பாக்கி ஏந்துவோர். மற்றொருவகையார் நீண்ட ஈட்டி ஏந்துவோர். துப்பாக்கிக்காரர் ஒருமுறை சுட்டு மறுமுறை மருந்திடுதற்குள்ளே குதிரைப்படை வந்து மோதுமாதலின், அவரைக் காத்தல் ஈட்டிக்காரர் கடனாயிற்று. துப்பாக்கியையே ஈட்டியாக்கின் ஒருவனே இருவர் தொழிலுஞ் செய்வானென்று கருதி முனைக்கத்தியை அமைத்தனர். முதலில் அமைத்தது, கத்தியின் மரப்பிடியைத் துப்பாக்கிக் குழாயின் வாயிலே செருகும் வகை. செருகியபின் சுடுதல் இயலாது. சுடவேண்டின் பிடுங்குதல் வேண்டும். 1689-ஆம் ஆண்டு யூலை மாதம் 27-ந் திகதி ஸ்கொத்லாந்து தேசத்திலே கில்லிகிராங்கி என்னுங் கணவாய்க்கருகில் இதன் குற்றம் வெளிப்பட்டது. மலைநாட்டார் வாளேந்தி மேட்டினின்றும் பாய்ந்து வந்தபொழுது, மக்கே என்னுஞ் சேனாபதியின் படைஞர் சுட்டபின் கத்தியைச் செருகுதற்கு நேரம்பெறாது சிதறுண்டனர். பின்னர், குழாயின் வெளிப்புறத்தைச் சூழ்ந்து மாட்டும் வளையத்தோடு கூடிய கத்தி வழக்கிற்கு வந்தது. அதனை மாட்டியபடியே சுடலாம். பதினெட்டாம் நூற்றாண்டின் தொடக்கத்திலே மேலைத்தேசப் படைகளில் ஈட்டிக்காரர் பெரும்பாலும் ஒழிந்தனர்.

அதன்பின் இருநூறாண்டுகளாக இவ்வாயுதத்தின் புகழ் ஓங்கிற்று. 1746-ஆம் ஆண்டு ஏப்ரில் மாதம் 16-ந் திகதி கலொடன் என்னுங் களத்திலே அதே மலைநாட்டாரை எதிர்த்த அரசபடைஞர், தத்தமக்கு நேரே வருவோனை விட்டு, வலப்பக்கத்துத் தோழனை எதிர்த்து வருவோனைக் குத்தும்படி பயிற்றப்பட்டிருந்தனர். மலைநாட்டான் இடக்கையிற் கேடகம் பிடித்து வலக்கையால் வாளோங்குவானாதலின், அவ்வழியாகக் குத்தினாற் கேடகந் தடுக்கமாட்டாதென்பது அதன் தந்திரம். இரஷிய சேனாபதியாகிய சுவாரொவ் துப்பாக்கிக் குண்டினும் முனைக்கத்தியையே மேலாகப் போற்றினார். பிரான்சியர் 1914-ஆம் ஆண்டு தொடங்கிய மகாயுத்தத்திலே தம் முனைக்கத்திக்கு ரொசாலி என்று பெண்பெயரிட்டுப் பாடினர். போரைச் சித்திரித்த ஓவியங்களிலும், இருபடையும் நெருங்கி ஒருவரையொருவர் குத்தி வீழ்த்துங் காட்சி சிறந்து விளங்கிற்று.

புகழ் இவ்வாறாகக் கணக்கு வேறாக இருந்தது. 1861 முதல் 1865 வரையும் நிகழ்ந்த அமெரிக்க உள்நாட்டுப் போரிலே வடபகுதி அரசினரின் வைத்தியர் தாம் கண்ட காயங்களை வகுத்து எழுதி வைத்தனர். ஏறக்குறைய 250,000 காயங்களுள்ளே முனைக்கத்தியாலும் வாளாலும் உண்டாயினவை இரண்டுஞ் சேர 922 மாத்திரமே. முதலாம் உலக மகாயுத்தத்திலே பிரித்தானிய வைத்தியப் பகுதியார் இரண்டு இலட்சத்துக்கு மேற்பட்ட காயங்களை ஆராய்ந்தபொழுது, முனைக்கத்தியால் உண்டாயினவை நூற்றுக்கு 0.32 என்னும் அளவே என்று கண்டனர். பீரங்கிக் குண்டு முதலியவற்றால் உண்டாயினவை நூற்றுக்கு 58-இன் மேற்பட்டன.

அற்றேல், முனைக்கத்தியாற் குத்துண்டவர் களத்திலேயே மாண்டிருப்பர், வைத்தியசாலைக் கணக்கு அவரைக் காட்டாதெனின், அத்தடை ஒருசிறிது பொருந்துவதே. ஆயினும் இத்துணைப் பெரிய வேற்றுமையை அஃதொன்றே தீர்க்கமாட்டாது. களத்தில் நின்றாரது சாட்சியும் அக்கணக்கினோடு ஒத்திருக்கின்றது. பிரான்சியப் படைத்தலைவராய்ப் பல போர்களைக் கண்டு 1870-ஆம் ஆண்டுப் போரிலே புண்பட்டு இறந்த ஆர்டான் டு பிக் என்பவர், போர்க்களத்து மனிதனுடைய மனநிலையை ஆராய்ந்து எழுதியவர். இருபடையும் முனைக்கத்தியோடு ஒன்றையொன்று தாக்குதல் பெரும்பாலும் நிகழ்வதேயில்லை என்றும், நெருங்குதற்கு முன்னரே ஒருபடை மனமுடைந்து திரும்பிவிடும் என்றும் அவர் துணிந்தார்.

இதற்கு ஓர் உதாரணங் காட்டுதும். 1863-ஆம் ஆண்டு யூலை மாதம் 2-ந் திகதி கெற்றிஸ்பேர்க் என்னும் அமெரிக்க ஊருக்கருகிலே ஒரு சிறுகுன்றின் சரிவை மெயின் மாகாணத்து இருபதாம் படைவகுப்பார் காத்துநின்றனர். அவர்க்குத் தலைவர் சேம்பர்லெயின் என்பவர். போருக்கு முன்னே கல்லூரியொன்றில் நாவன்மை கற்பித்த ஆசிரியர். அலபாமா மாகாணத்துப் படைஞர் பலமுறை ஏறிவந்து தாக்க, காவலரிடம் தோட்டாக்கள் தீர்ந்துபோயின. பின்னிடுதல் தகாது, சுடுதலும் இயலாது என்னும் அந்நிலையிலே, முனைக்கத்திகளை மாட்டிச் சரிவிலே கீழ்நோக்கிப் பாயும்படி கட்டளை பிறந்தது. எதிரிகள் திகைத்துப் பலர் ஓடினர், பலர் கைதிகளாயினர். ஓர் அதிகாரி ஒருகையினாற் கைத்துப்பாக்கியைத் தம் முகத்துக்கு நேரே சுட்டு, மறுகையினால் வாளைத் தந்து சரண்புகுந்தார் என்று சேம்பர்லெயினே எழுதியிருக்கின்றார். பெயர்பெற்ற இப்பாய்ச்சலிலே வெற்றி தந்தது கத்தி உடலிற் பாய்ந்தமை அன்று. பாயும் என்ற அச்சமே.

அச்சம் என்றாம். எதற்கு அஞ்சினர்? தாம் இறத்தற்கு அஞ்சினர் என்பது வெளிப்படை. அது மாத்திரமோ? இங்கே ஒருவர், ஓடினவன் உயிர்க்கு அஞ்சி ஓடினான், துரத்தினவன் எட்டிப் பிடிக்கமாட்டாமையாற் குத்தாது விட்டான், இதிலே இரக்கம் எங்குளது என்று வினாவுதல் கூடும். தக்க வினாவே. களத்திலே ஒருவன் உள்ளத்தில் நிகழ்ந்ததைப் பிறர் அளந்து காட்டுதல் அரிது. ஆதலின் களத்தை விட்டு, படைஞரைப் பயிற்றும் முற்றத்துக்குச் செல்வாம். ஆண்டு விடை தெளிவாக உளது.

முதலாம் உலக மகாயுத்தத்திலே பிரித்தானியப் படையிற் புதிதாகச் சேர்ந்தோர்க்கு முனைக்கத்திப் பயிற்சி எவ்வாறு கொடுக்கப்பட்டது? வைக்கோல் திணித்த சாக்குகளைத் தூக்கியும் கிடத்தியும் வைத்து, உரத்துக் கூவிக்கொண்டு ஓடி, அவற்றைக் குத்தும்படி ஏவினர். காம்பெல் என்னும் ஓர் அதிகாரி பாசறைதோறுஞ் சென்று, கொல்லும் வேட்கையை எழுப்பும்படி பிரசங்கஞ் செய்தார். சசூன் என்னும் ஆங்கிலக் கவிஞர் 1916-ஆம் ஆண்டிலே அப்பிரசங்கத்தைக் கேட்டு அதனைப்பற்றி எழுதியிருக்கின்றார். கூச்சலும் பிரசங்கமும் வைக்கோற் பொம்மையும் எதற்கு? கத்தியின் முனையை முன்னே நீட்டுதல் ஒருநாளிற் கற்கத்தக்க தொழில். அதனை மாதக்கணக்காகப் பயிற்றவேண்டியதாயிற்றெனின், பயிற்றப்பட்டது கையன்று, மனமே என்பது பெறப்படும். நீர் தானே பள்ளத்துக்குப் பாயும். மேட்டுக்கு ஏற்றுதற்கே துலாவுந் துலாக்காரனும் வேண்டும். மனிதனுக்குக் கொலை இயல்பாயின் அதற்கு இத்துணைத் துலாமிதி வேண்டியதில்லையன்றோ? எனவே, எதிரே நிற்பவனும் தன்போல் ஒருவன் என்னும் உணர்ச்சி படைஞன் உள்ளத்தில் முன்னரே உளது என்பதும், அதனை மறைத்தற்பொருட்டே அப்பயிற்சி எழுந்ததென்பதும் உய்த்துணரப்படும்.

இதுகொண்டு, முனைக்கத்தியோடு பாய்ந்த படைஞர் எல்லாரையும் கொடியர் என்று இகழ்தல் தகாது. 1915-ஆம் ஆண்டு ஓகஸ்ற் மாதம் 7-ந் திகதி துருக்கி தேசத்துக் கலிப்போலியிலே, நெக் என்னும் ஒடுங்கிய மேட்டுநிலத்தில் அவுஸ்திரேலியக் குதிரைவீரர் கால்நடையாக நின்று, துப்பாக்கியில் தோட்டா இடாது முனைக்கத்தியையே மாட்டி வரிசைவரிசையாகப் பாயும்படி ஏவப்பட்டனர். வரிசையொன்றுக்கு ஏறக்குறைய 150 பேர். முதல்வரிசை கணப்பொழுதிலே வீழ்ந்ததைக் கண்டும் இரண்டாம் வரிசை எழுந்தது. அதன்பின் மற்றையனவும் எழுந்தன. வீழ்ந்தோர் 372 பேர். அவருள் இறந்தோர் 234 பேர். அதற்கு முன்னாண்டு ஓகஸ்ற் மாதம் 22-ந் திகதி ஒருநாளிலே ஏறக்குறைய 27,000 பிரான்சியர் மாண்டனர். தாக்குதலிலே ஊக்கமிருந்தாற் போதும், இயந்திரத் துப்பாக்கியையும் பீரங்கியையும் அஃது வெல்லும் என்னும் உபதேசத்தினால் வளர்க்கப்பட்ட படை அது. இவர்கள் பாய்ந்தபொழுது பெரும்பாலும் கொன்றாரல்லர்; கொல்லப்பட்டார். இவரது அஞ்சாமை மெய். அதனைச் செலவிட்டவரது குற்றமும் மெய். ஒரு செயலிலே செய்தோன் பெருமையும் ஏவினோன் சிறுமையும் ஒருங்கே நிற்றல் கூடும். ஒன்றைக் கூறி மற்றொன்றை மறைத்தல் நடுவுநிலைமை அன்று.

இனி மறுதலைக் கட்சியை நோக்குவாம். முகங்காணும் ஆயுதம் கூச்சத்தை எழுப்புமாயின், அதுவே நல்லாயுதம், தூரத்து ஆயுதங்களை ஒழித்து மனிதரை முனைக்கத்திக்கு மீட்டுவிட்டாற் கொலை குறையும் என்று சொல்லலாமோ எனின், சொல்லலாகாது. 1937-ஆம் ஆண்டு டிசெம்பர் மாதத்திலே யப்பானியப் படை சீன தேசத்து நான்கிங் நகரத்தைக் கைப்பற்றிற்று. ஆண்டும், சீனத்தின் பிறவிடங்களிலும், கைதிகளைக் கட்டி நிறுத்தி, புதிய படைஞர் முனைக்கத்தி பழகும் பொம்மைகளாக அவரைப் பயன்படுத்தினர். கட்டுண்டவர் முகம் எதிரேதான் இருந்தது. ஆயினும் அம்முகம் காத்திலது. மேலோர் கட்டளை, தோழர் பார்வை, எதிரியை மனிதனென்று எண்ணற்க என்னும் இடையறாத போதனை என்னும் மூன்றுங் கூடி, திறந்த கண்ணையே குருடாக்கின. முதல்முறை நடுங்கிய கை பின்னர் நடுங்காதொழிந்தது.

அந்நடுக்கம் அழிந்துவிட்டதோ எனின், அதுவும் அன்று. போரின்பின் சீனத்திலே சிறையிருந்து 1956-ஆம் ஆண்டளவிலே தம் நாடு மீண்ட யப்பானியர் பலர் ஒரு சங்கமாகக் கூடினர். அவர், தாம் செய்தவற்றைத் தந்நாட்டார்முன் வெளிப்படையாகச் சொல்லி வந்தனர். தந்நாட்டாரிற் பலர் அவரை வெறுத்தனர், சொல்லற்க என்றனர், அவர் சொல்லுதல் ஒழிந்திலர். ஒருபொழுது மூடப்பட்ட கண் முதுமையிலே திறந்துகொண்டது போலும். ஆயினும் இறந்தவர்க்கு அதனால் யாது பயன்? கூச்சம் பின்னர்த் திரும்பிவரும் என்பது ஆறுதலன்று; முன்னரே காக்கப்படல் வேண்டும் என்பதற்கு அஃது எச்சரிக்கை.

இனித் தூரத்து ஆயுதத்துக்கு வருவாம். படைஞர் மனத்தை மாற்றுதற்குப் பயிற்சிமுற்றத்திலே கூச்சலும் பிரசங்கமுஞ் செய்த வேலையை, தூரம் ஒரு சொல்லுமின்றிச் செய்துவிடுகின்றது. பீரங்கி சுடுவோன் ஊரைக் காணான். ஆகாய விமானத்திலிருந்து குண்டு போடுவோன் விளக்குகளையும் புகையையுமே காண்பான். கூசவேண்டிய முகம் அங்கே இல்லாமையாற் கூச்சமும் இல்லை. அமெரிக்கப் படையார் 2010-ஆம் ஆண்டிலே புதிய படைஞர்க்குரிய தொடக்கப் பயிற்சியினின்றும் முனைக்கத்திப் பாய்ச்சலை நீக்கினர். கூச்சத்தை வென்றமையாலன்று, அதனைச் சந்திக்க வேண்டாத வழிகள் பெருகினமையால் அதன் தேவை குறைந்ததென்று கொள்ளலாம். இக்காலத்திலே ஆளில்லா விமானத்தை ஆயிரங் காதத்துக்கு அப்பாலிருந்து செலுத்துவோர் உளர். அவர் உடலுக்கு யாதோர் இடையூறும் இல்லை. ஆயினும் விமானத்திலுள்ள படக்கருவி, கொல்லப்படப்போகின்றவன் வீட்டு வாயிலிலே உலாவுதலையும் அவன் பிள்ளைகள் விளையாடுதலையும் நாட்கணக்காகக் காட்டுகின்றது. அத்தொழிலை விட்டு நீங்கியோருட் சிலர் தம் மனம் படும் வேதனையை வெளிப்படையாகச் சொல்லியிருக்கின்றனர். தூரம் மறைத்த முகத்தைப் படக்கருவி மீட்டுக்கொடுத்தது. முகம் வந்தவுடனே கூச்சமும் வந்தது. இஃதொன்றே, தூரத்திலிருந்தோன் கூசாமை அவனது குற்றமின்மையால் அன்று, காணாமையால் என்பதற்குப் போதிய சான்றாம்.

ஆகவே முதலிற் கேட்ட வினாவுக்கு விடை இது: தூரம் கொலையின் பாரத்தைக் குறைப்பதில்லை, பாரத்தை உணரும் உணர்ச்சியையே குறைக்கின்றது. இருட்டிலே சுமந்தாலும் மூட்டையின் நிறை ஒன்றே.

கூச்சமே அறத்துக்கு அளவுகோலாமோ எனின், ஆகாது. சத்திரவைத்தியன் முதன்முதற் கத்தி வைக்கும்பொழுது கூசுவான். அக்கூச்சத்தை அவன் வெல்லுதல் நன்று. தன்னூரைக் காக்க நிற்போன் கூசுதலும் உண்டு. அவன் நிற்றல் தகாதென்று யாம் சொல்லவில்லை. தற்காப்புப் போர் தகுமோ தகாதோ என்பது வேறோர் ஆராய்ச்சி. கூச்சம் நீதிபதியன்று, வாயில் காப்போனை ஒக்கும். வருவோனை உள்ளே விடுவதோ விலக்குவதோ வீட்டுக்குடையோன் தீர்ப்பு. வருவோன் வந்திருக்கின்றானென்று அறிவித்தல் காப்போன் கடமை. காப்போனைக் கொன்றுவிட்ட வீட்டிலே யார் புகுந்தாலும் அறிவார் இல்லை. சத்திரவைத்தியன் தன் கத்தியின் கீழுள்ளவன் மனிதனென்பதை மறவாமலே கூச்சத்தை வெல்லுகின்றான். பகைமையைப் போதிப்போனோ அதனை மறப்பித்தே வெல்லுகின்றான். வேற்றுமை இதுவே.

இவ்வாராய்ச்சி படைஞரோடு ஒழிவதன்று. ஒரு கொலையிலே செய்தோன், செய்வித்தோன், உடன்பட்டோன் என மூவர் உளர். உடன்பட்டோன் எல்லாரினும் தூரத்தில் இருக்கின்றான். அவன் கையிற் கத்தியும் இல்லை, பொறியும் இல்லை. காலையிற் பத்திரிகை மாத்திரம் உளது. அந்நியநாட்டு நகரமொன்றிலே இத்தனைபேர் மாண்டனர் என்று வாசித்து, நன்றாயிற்று என்று சொல்லி, அவன் தன் ஊணைத் தொடர்கின்றான். யாமனைவேமும் ஒவ்வொரு காலத்தில் அவ்விடத்தில் இருந்தேம் அல்லேமோ? நமக்குக் கூச்சம் வாராதது நம் நன்மையால் அன்று; தூரத்தால்.

ஆதலின் இதனை வாசிப்போர் ஒரு பரீட்சையைத் தமக்குத் தாமே செய்துகொள்வாராக. எங்கேனும் ஓரிடத்துக் கொலையைத் தக்கதென்று சொல்லப்புகும்பொழுது, மாண்டவருள் ஒருவனைத் தம்மெதிரே நிற்பதாக எண்ணுக. அவன் முகத்தை நோக்குக. தம் கையிலே முனைக்கத்தி இருப்பதாகக் கொள்ளுக. அந்நிலையிலும் இது செய்தற்கு உரியதே என்று சொல்லத் துணிவு வருமாயின், சொல்லுக. அப்பாரத்தைத் தாமுஞ் சுமந்தாராக அறிந்து சொல்லுக. துணிவு வாராதாயின் நாவை அடக்குக. பிள்ளைகளுக்குப் போர்க்கதை சொல்லுவோரும், வென்றோர் தொகையைச் சொல்லும் வாயாலேயே வீழ்ந்தோர் முகத்தையுஞ் சொல்லுவாராக. வைக்கோற் பொம்மையைக் காட்டி முகத்தை மறப்பிக்கப் பயிற்றுவோர் உலகிற் பலர். முகத்தை நினைப்பிக்கப் பயிற்றுவோர் சிலரேனும் இருத்தல் வேண்டுமன்றோ?